சீனியம்மாளின் ஏழு நிமிடம்

கோவில்பட்டி ரயில் நிலையத்தில் இறங்கியதும் கைப்பையில் குடை இருக்கிறதா என்று தடவிப் பார்த்துக்கொண்டேன். கடல் கடந்த எங்கள் ஈப்போவில் அறுபது வருஷமாகப் பழகிய பழக்கம். அங்கே பெரும்பாலும் பிற்பகல் நாலு மணிக்கு மழை வந்துவிடும். குடையில்லாமல் வெளியே போகிறவரை நாங்கள் வெளியூர்க்காரர் என்போம். ஆட்டோக்காரர் என் குடையையும் வானத்தையும் மாறி மாறிப் பார்த்தார்.

"எங்கன இருந்து வாரீங்க மேடம்? இங்கன குடை வெயிலுக்குத்தான். முந்தாநாளு ஒரு மழை பெஞ்சுது. இனி எப்பம்னு அதுக்கே தெரியாது" என்றார்.

நான் வந்த காரியத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். தமிழ்ப்பள்ளியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள் நான். நானும் என் சிநேகிதி மெய் லிங்கும் ஈப்போவில் ஒரு சின்னத் திரைப்படச் சங்கம் நடத்துகிறோம். மாதம் ஒரு படம், நாற்பது ஐம்பது பேர், முடிந்ததும் கோப்பியும் சண்டையும். எங்கள் சங்கத்தில் அதிகம் சண்டை மூட்டியவர் ஞானராஜ். கோவில்பட்டிப் பக்கத்துக் கிராமத்துக்காரர். தானே எழுதி, தானே கேமரா பிடித்து, தானே இயக்குகிறவர். எந்தக் கம்பெனியும் பின்னால் இல்லை. இதுவரை மூன்று படங்கள் வந்திருக்கின்றன. இரண்டாவதிலும் மூன்றாவதிலும் காட்சிக்கு நடுவே திடீரென்று திரை முழுக்கக் கறுப்பாகிவிடும். ஒரு நிமிடம், சில இடங்களில் நாலு நிமிடம். சத்தமும் இருக்காது. பிறகு படம் பாட்டுக்குத் தொடரும்.

அந்த இருட்டைப் பற்றி நான் சங்கத்தில் ஒன்றரை மணி நேரம் பேசியிருக்கிறேன். கரிசல் மண்ணின் நிறம் என்றேன், பார்க்கிறவனின் மனசாட்சி என்றேன், இன்னும் என்னென்னவோ சொன்னேன். கைதட்டினார்கள்.

அவருடைய நாலாவது படம் 'ஒத்தவேம்புக்கு வடக்கே'. அதிலிருந்து ஒரே ஒரு காட்சியை என் ஃபோனுக்கு அனுப்பியிருந்தார். "ஊர்ல இன்னும் போடல. நீங்க மட்டும் பாருங்க" என்று கூடவே எழுதியிருந்தார். ஏழு நிமிடம், வெட்டே இல்லாத காட்சி. மழை பெய்த மறுநாள் கரிசல் காட்டில் ஒரு பெண் நடக்கிறாள். சேலைக்கு மேல் ஆண்பிள்ளைச் சட்டை, காலில் பெரிய ரப்பர் செருப்பு. அடிக்கு அடி செருப்பில் மண் ஏறி ஏறிக் கால் கனக்கிறது. கடைசியில் ஒரு செருப்பு மண்ணோடு ஒட்டிக்கொண்டு வார் அறுகிறது. அவள் அதைத் தூக்கிப் பார்த்துச் சிரிக்கிறாள். அப்படி ஒரு சிரிப்பை நான் திரையில் பார்த்ததில்லை. நாலு முறை பார்த்தேன், நாலு முறையும் அழுதேன்.

அந்தச் சிரிப்பைப் போஸ்டராக அடித்துவிட்டோம். மொத்தம் நாற்பது. மண்டபமும் சொல்லியாகிவிட்டது. படத்தை இணையத்தில் அனுப்பச் சொன்னதற்கு, "ஞாயித்துக்கெழம ஊர்ல போட்ட பெறகுதான் டீச்சர் தர முடியும். நீங்களும் வாங்களேன்" என்றார். ஒரு கலைஞரின் அடக்கம் என்று நினைத்துக்கொண்டு புறப்பட்டேன்.

வியாழக்கிழமை காலையில் அவரைப் பார்த்த இடமே எனக்கு முதல் அதிர்ச்சி. ஒரு கல்யாண மண்டபம், ஒரு பெண் பெரியவளானதற்குச் சடங்கு. தாய்மாமன் வீட்டார் சீர்த்தட்டுகளோடு வரிசையாக வர, வெளிநாட்டுக்காரர்கள் எழுந்து நின்று கைதட்டிய படங்களை எடுத்த ஞானராஜ், தரையில் மல்லாந்து படுத்து அவர்கள் கால்களை எடுத்துக்கொண்டிருந்தார். மருதாணிக் கால், வெடித்த குதிகால், புதுச் செருப்புக் கடித்த கால். கேமராவின் சின்னத் திரையில் எட்டிப் பார்த்தேன். அழகென்றால் அப்படி ஓர் அழகு.

பெண்ணின் அப்பாவுக்கு அது தெரியவில்லை. "ஏ அண்ணாச்சி, மூஞ்சிய எடுங்க! காலையா எடுப்பாவ?" என்று ஒரு சத்தம் போட்டார். ஞானராஜ் சட்டென்று எழுந்து முழங்கையைத் தட்டிக்கொண்டு மூஞ்சிகளை எடுக்க ஆரம்பித்தார். எனக்குத்தான் மனசு ஆறவில்லை.

பந்தியில் என் பக்கத்தில் உட்கார்ந்தார். நாற்பத்தைந்து வயதிருக்கும், ஒல்லி, வெயிலைப் பார்த்துப் பார்த்துச் சுருங்கிய கண். இலையில் கடம்பூர் போளி வைத்தார்கள். ஒன்று போதும் என்று கையை நீட்டித் தடுத்துவிட்டு மூன்று சாப்பிட்டேன். அவர் சாப்பிட்டுக்கொண்டே தன் கதையைச் சொன்னார்.

"பதினெட்டு வயசுல மெட்ராஸ் போனேன் டீச்சர். பத்து வருசம் கேமராப் பெட்டி தூக்குனேன். கடசில ஒரு படம் முழுசும் நான்தான் எடுத்தேன். தியேட்டர்ல ஒக்காந்து பேரு போடுதத பாக்குதேன், ஒளிப்பதிவுன்னு வேற ஆளு பேரு வருது."

"நீங்கள் கேட்கவில்லையா?"

"கேட்டேன். 'பேரு எதுக்குப்பா, நீ எடுத்தது திரையில ஓடுதுல்ல' அப்படின்னுட்டாவ. மறுநாளே பொட்டியக் கட்டிட்டேன். இங்கன வந்து பழைய கேமரா ஒண்ணு வாங்கி, கலியாணம், காதுகுத்துன்னு எடுக்க ஆரம்பிச்சேன். அதுல சேருதத வச்சுத்தான் நம்ம படம்."

நான் பெருமையாக என் ஃபோனை எடுத்து, ஈப்போ கடைத் தெருவில் ஒட்டியிருந்த போஸ்டரின் புகைப்படத்தைக் காட்டினேன். அவர் போளியைக் கீழே வைத்தார். வெகுநேரம் பார்த்தார்.

"நல்லா இருக்கு" என்று மட்டும் சொல்லி, ஃபோனைத் திருப்பிக் கொடுத்தார். சந்தோஷத்தில் பேச்சு வரவில்லை போலிருக்கிறது என்று நினைத்தேன்.

வெள்ளிக்கிழமை அவர் ஊருக்குப் போகப் பஸ் ஏறினேன். ஏறும்போது அந்த ஊரில் நிற்குமா என்று கண்டக்டரிடம் மூன்று முறை கேட்டேன். மூன்று முறையும் தலையை ஆட்டினார். எங்கள் ஊரிலும் தமிழர்கள் தலையாட்டுவார்கள்தான். ஆனால் ஆம் எது, இல்லை எது என்று விளங்கும்படி ஆட்டுவார்கள். ஊர் ஜன்னல் வழியே கடந்து போயிற்று. நான் கத்தினேன்.

"இது எக்ஸ்பிரஸ்ஸும்மா. இடையில நிக்காது. ஏறும்போதே கேக்கப்புடாதா?" என்றார் கண்டக்டர்.

கயத்தாற்றில் இறக்கிவிட்டார்கள். லாரிகள் வரிசையாக நிற்கும் இடத்தில் ஒரு டீ குடித்துவிட்டு, டவுன் பஸ்ஸில் வந்த வழியே திரும்பினேன். முன் சீட்டில் இரண்டு பெண்கள் என் காலைப் பார்த்துத் தெலுங்கில் ஏதோ பேசிச் சிரித்தார்கள். என்ன சொல்கிறார்கள் என்று பக்கத்தில் இருந்தவரைக் கேட்டேன். "இந்தச் செருப்போட காட்டுக்குள்ள எறங்குனா செருப்புதான் கேக்கும், காலு எங்கன்னு. அப்படிங்காவ" என்றார். ஈப்போவில் தள்ளுபடியில் வாங்கிய, குதி உயர்ந்த செருப்பு அது. எனக்குக் கோபம் வந்தது.

அவர்கள் சொன்னது அரை மணி நேரத்தில் நடந்துவிட்டது. ஒத்தவேம்புக்கு வடக்கே இருந்த அந்தக் காட்டைக் காட்ட ஞானராஜ் அழைத்துப் போனார். முந்திய மழை ஈரம் இன்னும் இருந்தது. உளுந்து முளைத்து ஒரு விரல்கடை நின்றது. அந்த ஏழு நிமிடத்தை எப்படி எடுத்தீர்கள், இந்தச் சேற்றில் எந்தச் சக்கரம் உருளும் என்று கேட்டேன். வரப்போரத்தில் கிடந்த ஒன்றைக் காட்டினார். நீல நிறத் தண்ணீர் டிரம்மை நெடுக்குவாட்டில் பாதியாக அறுத்தது. கேமராவோடு அதற்குள் உட்கார்ந்துகொள்வாராம்; இரண்டு பேர் கயிறு கட்டி இழுக்க, சேற்றின் மேல் தோணி மாதிரி வழுக்கிக்கொண்டு போகுமாம். நான் வர்ணித்ததைக் கேட்டே எங்கள் சங்கத்தில் அந்தக் காட்சிக்கு விலை உயர்ந்த கருவி பிடித்திருப்பார்கள் என்று பந்தயமே கட்டியிருந்தோம். வாயைப் பிளந்துகொண்டு நின்றேன்.

நானும் நடந்து பார்க்கிறேன் என்று இறங்கினேன். பத்தடி போவதற்குள் ஒவ்வொரு காலிலும் ஒரு செங்கல் கனத்துக்கு மண். பதினோராவது அடியில் செருப்பு நின்றுவிட்டது, நான் நிற்கவில்லை. சேலை முழங்காலுக்கு மேல், இரண்டு கையும் சேற்றில். "ஐயோ, அம்மா" என்று பெருங்குரலெடுத்துக் கத்தினேன். ஞானராஜ் வரப்பில் நின்றிருந்தார். அவர் கையில் சின்னக் கேமரா இருந்தது. அதை அப்போது நான் பெரிதாக நினைக்கவில்லை.

சனிக்கிழமை பிலோமினாவைப் பார்க்கப் போனேன். அவர்தான் படத்தொகுப்பாளர். வீட்டில் ஜன்னல் பக்கம் தையல் மெஷின், சுவர்ப் பக்கம் கம்ப்யூட்டர். ஜாக்கெட் தைக்க வந்தவர்களை அனுப்பிவிட்டு எனக்குக் காப்பியும் கடலைமிட்டாயும் தந்தார். நான் உற்சாகமாக, அந்த இருட்டுகளை எங்கே வைப்பது என்று எப்படித் தீர்மானிக்கிறீர்கள் என்று கேட்டேன்.

"நாங்க எங்க தீர்மானிக்கோம்? அவியதான் சொல்லுவாவ" என்றார்.

"யார்?"

"படத்துல இருக்கவிய. ஊர்ல போடும்போது யாருக்குத் தன்னோட காட்சி வேண்டாமோ, கைய ஒசத்துவாவ. அங்கனயே அழிச்சிருவேன். ஏன்னு கேக்கப்புடாது, அதுதான் அண்ணாச்சி போட்ட சட்டம். அழிச்ச எடத்த வேற எதையும் வச்சு மூடப்புடாதும்பாவ. அதனால அவ்வளவு நேரமும் கறுப்பா ஓடும்."

ஒன்றரை மணி நேரம் பேசினேனே! கரிசலின் நிறமாம், மனசாட்சியாம்! நாலு நிமிட இருட்டைச் சுட்டிக்காட்டி அது என்னவென்று கேட்டேன். "அது ஒரு அப்பாவும் மகனும் சண்ட போட்டது. பெறகு ரெண்டு பேரும் ராசியாயிட்டாவ, வேண்டாம்னுட்டாவ" என்றார்.

"நகல் வைத்திருப்பீர்கள் அல்லவா?"

"வச்சிருந்தா அழிச்சதா ஆகுமா டீச்சர்?"

எதற்காக இப்படி ஒரு சட்டம் என்று கேட்டேன். பிலோமினா தையல் மெஷினின் சக்கரத்தைச் சும்மா உருட்டிக்கொண்டே சொன்னார். ஞானராஜின் முதல் படத்தில் பிலோமினாவும் இருக்கிறார். தீப்பெட்டி ஆபீசில் வேலை பார்த்த வயது. மேஸ்திரியிடம் இடுப்பில் கை வைத்துக்கொண்டு சத்தம் போடுகிற காட்சி. உண்மையில் நடந்ததைத்தான் எடுத்தார். படம் எங்கெங்கோ போயிற்று. ஒரு துண்டு யாருடைய ஃபோனிலோ ஓடி, நிச்சயம் பண்ணியிருந்த மாப்பிள்ளை வீட்டுக்கு வந்து சேர்ந்தது. வாயாடிப் பெண் வேண்டாம் என்று தாம்பூலத்தைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

"அந்த மாப்பிளைய போன வருசம் கடைத் தெருவுல பாத்தேன். தப்பிச்சேன்டா சாமின்னுதான் தோணுச்சு. எனக்கு வந்தவரு தங்கமான மனுசன்" என்று சிரித்தார். உடனே சிரிப்பை நிறுத்தினார். "அதுக்காவ, என்னைக் கேக்காம அத ஊரு பூராம் காட்டுனது சரின்னு ஆயிருமா? அண்ணாச்சி எங்க வீட்டு வாசல்ல வந்து நின்னு அழுதாவ. எங்கம்மா கதவத் தெறக்கல. மறு வருசம் நானே போயி, இனி வெட்டுத வேலைய எங்கிட்ட குடுங்கன்னேன்."

என் கைப்பைக்குள் ஃபோன் கனத்தது. அந்தச் சிரிப்புக்காரி சம்மதம் சொல்லிவிட்டாளா என்று மெதுவாகக் கேட்டேன். "சீனியம்மாக்காவா? இன்னும் பாக்கல. நாளைக்குத்தான்" என்றார்.

அன்று முழுவதும் எனக்கு எரிச்சல். இது என்ன பைத்தியக்காரத்தனம்? எத்தனை வருஷ உழைப்பு, யாரோ ஒருவர் கையை உயர்த்தினால் போய்விடுமா? மெய் லிங்கைக் கூப்பிட்டுப் புலம்பினேன். அவள் ஆங்கிலத்தில் சொன்னதன் சாரம் இது: "போஸ்டர் பிரமாதமாக இருக்கிறது. எல்லாரும் அந்த அம்மாவைத்தான் கேட்கிறார்கள். அந்தக் காட்சி இல்லாமல் நீ வராதே."

ஞாயிறு மத்தியானம், பூசை முடிந்தவர்களும் காட்டுக்குப் போகாதவர்களும் பருத்திக் குடோனில் கூடினார்கள். முப்பது பேர் இருக்கலாம். ஷட்டரை இறக்கியதும் இருட்டும் புழுக்கமும் ஒன்றாக வந்தன. சுவரில் வெள்ளை வேட்டி. பிலோமினா மடிக்கணினியோடு ஒரு பருத்தி மூட்டையின் மேல் உட்கார்ந்திருந்தார். எனக்கு ஒரே பிளாஸ்டிக் நாற்காலியைக் கொடுத்தார்கள்.

படம் ஓடியது. இடையில் ஒருவர் கையை உயர்த்தினார், பல் கட்டாமல் இருந்தபோது எடுத்தது என்று பக்கத்தில் யாரோ கிசுகிசுத்தார்கள். அழித்தாயிற்று. பிறகு அந்த ஏழு நிமிடம் வந்தது. வேட்டியில் அவ்வளவு பெரிதாக, சேறும் சட்டையும் செருப்பும் சிரிப்புமாக. முடிந்ததும் முன் வரிசையில் ஒரு கை உயர்ந்தது. பிலோமினா படத்தை நிறுத்தி விளக்கைப் போட்டார். நெற்றியில் ஒன்றுமில்லாமல், ஒடுங்கிப்போய் உட்கார்ந்திருந்த அவள்தான் சீனியம்மாள் என்று எனக்குத் தெரிய ஒரு நிமிடம் ஆயிற்று.

"ஏன்?" என்று கேட்டுவிட்டேன்.

குடோன் முழுக்க என்னைத் திரும்பிப் பார்த்தது. ஞானராஜ் தலையைக் குனிந்துகொண்டார். "கேக்கப்புடாது டீச்சர்" என்றார் பிலோமினா. ஆனால் சீனியம்மாள் பதில் சொன்னாள்.

"அன்னைக்கி எங்க வீட்டுக்காரவிய ஆஸ்பத்திரில கெடந்தாவ, டீச்சரம்மா. சோறு கொண்டு போறதுக்கு முன்ன காட்டுல தண்ணி நிக்கான்னு பாக்கப் போனேன். அது அவிய செருப்பு. அது அறுந்ததுக்குப் போயி சிரிக்கேன். பதினஞ்சாம் நாளு அவிய போயிட்டாவ."

"உலகமே பார்க்க வேண்டிய சிரிப்பு அம்மா அது."

"ஒலகம் பாக்கட்டும்னு நான் சிரிக்கலயே" என்றாள். கோபமே இல்லை அந்தக் குரலில். பிலோமினா பக்கம் திரும்பி, "ஒருக்கா போடு பிலோமி. பாத்துக்கிடுதேன். பெறகு அழி" என்றாள்.

மறுபடி போட்டார். சீனியம்மாள் படத்தில் தன் முகத்தைப் பார்க்கவில்லை, செருப்பையே பார்த்துக்கொண்டிருந்தாள். வார் அறுந்த இடத்தில் வாயைப் பொத்திக்கொண்டாள். பிலோமினா அழித்தார். ஞானராஜ் ஷட்டர் பக்கம் போய், மூடிய தகரத்தைப் பார்த்தபடி நின்றார். அவர் தோள் குலுங்கியது. அந்த மனிதர் வாழ்நாளில் எடுத்த மிக நல்ல காட்சி என் கண் முன்னால் போய்விட்டது.

படம் தொடர்ந்தது. கடைசிக்குச் சற்று முன்னால் புதிதாக ஒன்று. அதே காடு. கொழுத்த ஒரு பெண்பிள்ளை, குதி உயர்ந்த செருப்பு, தத்தித் தத்தி வந்து குப்புற விழுகிறாள். சேலை ஏறிய தொடை. ஆனை பிளிறுவது போல ஒரு குரல். எல்லாரும் சிரித்தார்கள், ஏளனமில்லாத நல்ல சிரிப்புத்தான். அது நான் என்று உறைக்கச் சில நொடிகள் ஆயின.

என் கை தானாக உயர்ந்தது.

கலை எல்லாருக்கும் சொந்தம் என்று நேற்றெல்லாம் பொருமியவள் நான்தான். வெட்கத்தில் காது எரிந்தது. யாராவது ஏன் என்று கேட்பார்கள், கிண்டலாவது செய்வார்கள் என்று காத்திருந்தேன். ஒருவரும் கேட்கவில்லை. பிலோமினா ஒரு விசையைத் தட்டினார். அவ்வளவுதான், நான் இல்லை. அப்பாடா என்று இருந்தது. அந்த நிம்மதிதான் என்னை உலுக்கிவிட்டது.

ஞானராஜ் ஷட்டர் பக்கத்திலிருந்து என்னைப் பார்த்தார். என் கைப்பையைப் பார்த்தார். உடனே கண்ணைத் திருப்பிக்கொண்டார். அந்த ஏழு நிமிடம் உலகத்தில் இன்னும் ஓரிடத்தில் இருக்கிறது என்பது அந்தக் குடோனில் எங்கள் இரண்டு பேருக்கு மட்டுமே தெரியும். அவர் ஒரு வார்த்தை சொல்லவில்லை. நானும் சும்மா இருந்திருக்கலாம்.

எழுந்து போய்ச் சீனியம்மாள் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தேன். "இதிலும் இருக்கிறது" என்று ஃபோனைக் கொடுத்தேன். குடோனில் சலசலப்பு எழுந்து அடங்கியது. பிலோமினா ஞானராஜைப் பார்த்த பார்வையை நான் மறக்க மாட்டேன். பிறகு வந்து ஃபோனை வாங்கி அழித்தார். "அழிச்சது இன்னும் ஒரு எடத்துல கெடக்கும், அதையும் தொடைக்கணும்" என்று தேடிப் பிடித்துத் துடைத்தார். அடுத்ததாக ஃபோன் திரையில் வந்தது போஸ்டர்.

"இது எங்க ஒட்டியிருக்கு?" என்றாள் சீனியம்மாள்.

"எங்கள் ஊரில். கடைத் தெருவில். நாற்பது." என் குரல் எனக்கே கேட்கவில்லை. "உங்களைக் கேட்காமல் செய்துவிட்டேன்."

அவள் பிலோமினாவிடமிருந்து ஃபோனை வாங்கினாள். முந்தானையால் ஃபோனின் முகத்தைத் துடைத்தாள்.

"அங்கன மழை பெய்யுமா, டீச்சரம்மா?"

"தினமும் பெய்யும்."

"அப்பம் கரைஞ்சு போயிரும்" என்று என்னைச் சமாதானப்படுத்துகிற மாதிரிச் சொல்லி, ஃபோனை என் கையில் வைத்து மூடினாள்.

மறுநாள் ஸ்டேஷனுக்கு ஞானராஜ் வந்தார். படத்தை ஒரு சின்னப் பெட்டியில் வைத்துத் தந்தார், ஏழு நிமிடம் ஓரிடத்திலும் அரை அரை நிமிடமாக வேறு இரண்டு இடங்களிலும் கறுப்போடு. "ஃபோன்ல இருக்கதச் சொல்லிராதீங்கன்னு கேக்க வாய் வந்துச்சு டீச்சர். மூணு நாளா வந்துச்சு" என்றார். ரயில் வந்துவிட்டது.

எங்கள் ஊர்க் கடைகளுக்கு முன்னால் ஐந்தடி நடை என்று உண்டு. மேல்மாடி நீண்டு கூரையாக நிற்கும். அதன் கீழே எவ்வளவு பெரிய மழைக்கும் நனையாமல் தெரு முழுக்க நடக்கலாம். நாற்பது போஸ்டரும் அதற்குள்ளேதான் ஒட்டியிருந்தோம். அதை நான் சீனியம்மாளிடம் சொல்லவில்லை.

வந்த அன்றே மெய் லிங்கையும் ஒரு வாளி வெந்நீரையும் இரண்டு சுரண்டிகளையும் கூட்டிக்கொண்டு கிளம்பினேன். நாலு மணிக்கு மழை கொட்டியது. உள்ளே ஒவ்வொரு சுவரிலும் சீனியம்மாள் கொஞ்சமும் நனையாமல் சிரித்துக்கொண்டிருந்தாள். பசை நன்றாகப் பிடித்திருந்தது. முடிவெட்டும் கடைக்காரர் வாசலுக்கு வந்து, "நல்லா சிரிக்கிற அம்மாவாச்சே, ஏன் டீச்சர் கிழிக்கிறீங்க?" என்றார்.

"ஏன்னு கேக்கக் கூடாதுங்க" என்று சொல்லிவிட்டு, அடுத்த சுவருக்குப் போனேன்.